குறையற்ற பதினொரு விநாடி

வாரியத்திலிருந்து வந்த கடிதத்தை இருட்டு என்னிடம் நீட்டும்போது சிரித்துக்கொண்டிருந்தான். முப்பது வருடமாக ஆவணப்பட வாரியம் அவனுக்குக் கடிதம் போடுகிறது. ஒன்றுகூட அவனைச் சிரிக்க வைத்ததில்லை.

“படிய்யா மைக்கு” என்றான்.

படித்தேன். சோதனை முயற்சி ஆவணப்படத் துறையில் அவனுடைய வாழ்நாள் பங்களிப்பைப் பாராட்டி வாரியம் ஒரு கௌரவப் பட்டயம் வழங்குகிறது. அதையொட்டி, இருபத்தாறு வருடமாகத் தரச் சான்றுக்குக் காத்திருந்த ‘வெளுப்பு’ என்ற அவனுடைய படம் ஆய்வு முடிந்து, ‘குறையற்ற பிரதி’ எனச் சான்று பெற்று, விழாவில் முதன்முதலாகத் திரையிடப்படும். கீழே நான்கு கையெழுத்து, ஐந்து முத்திரை. அந்த ஐந்தாவது முத்திரை யாருடையது என்று இன்றுவரை எனக்குத் தெரியாது.

இருட்டு என்பது அவன் பெயரல்ல. அவன் படமெடுக்கும் முறையைப் பார்த்து மற்றவர்கள் வைத்தது. கேமராவை ஓரிடத்தில் நிறுத்துவான். லென்ஸ் மூடியைக் கழற்றி, யாரைப் படமெடுக்கிறானோ அவர் கையிலேயே கொடுத்துவிடுவான். “எப்ப வேணாம்னு தோணுதோ அப்ப மூடிக்குங்க. ஏன்னு கேக்க மாட்டேன். கேமரா பாட்டுக்கு ஓடிட்டிருக்கும்” என்பான். அவர் மூடியைப் போட்டால் படம் கறுத்துவிடும். ஒலி மட்டும் நிற்காது. அது நிற்காமல் பார்த்துக்கொள்வது என் வேலை. நான் ஒலிப்பதிவாளன். அவனோடு பதினோரு படத்துக்கு மைக் பிடித்ததில் எனக்கும் பெயர் போய் ‘மைக்கு’ என்றாகிவிட்டது.

மனுஷன் வெளிச்சத்தில் நாலு வார்த்தை பேசினால் இருட்டில் நாற்பது பேசுவான். இதைக் கண்டுபிடிக்க இவனுக்கு ஒரு மூடி போதுமாயிருந்தது. லிப்ட் இயக்குபவர் ஒருவரை வைத்து ஒரு படம் எடுத்தோம். நாற்பது நிமிடப் படம், முப்பத்தைந்து நிமிடம் கறுப்பு. பட விழாவில் புரொஜக்டர் ஆபரேட்டர் மூன்று தடவை நிறுத்தி விளக்கைச் சோதித்துப் பார்த்தார். ஒரு விமர்சகர், ‘கண்ணைத் திறந்து வைத்திருந்தும் பயனில்லை’ என்று எழுதினார். இருட்டு அதை வெட்டிச் சுவரில் ஒட்டிக்கொண்டான். அந்தப் படத்தைப் பாராட்டியவர் ஒரே ஒருவர், லிப்ட்காரரின் மனைவி. “இவரு இவ்ளோ பேசுவாருன்னு எனக்குத் தெரியவே தெரியாதுங்க” என்று அழுதுவிட்டுப் போனார். அதற்கு மேல் ஒருவனுக்கு என்ன பட்டயம் வேண்டும்?

‘வெளுப்பு’ ஆஸ்பத்திரி சலவைக்கூடத்தில் எடுத்தது. அங்கே வேலை பார்த்தவர்களில் ஒருத்தி இருட்டின் அக்கா. அக்காவுக்கு முன்பல்லில் பெரிய சந்து. அதனால் சிரிக்கும்போது எப்போதும் கையால் வாயைப் பொத்திக்கொள்வாள். எந்தப் போட்டோவிலும் அவள் சிரித்ததே கிடையாது. உதட்டை ஒட்டவைத்ததுபோல் நிற்பாள். அன்றைக்குச் சிரிப்பு வரப்போகிறது என்று தெரிந்ததும் வாயைப் பொத்தவில்லை, மூடியை எடுத்து லென்ஸைப் பொத்தினாள். பிறகு நான்கு நிமிடம் வாய்விட்டுச் சிரித்துச் சிரித்துப் பேசினாள். ஹெட்போன் வழியாக அது என் காதுக்குள் விழுந்தது. படத்தை ஒப்படைத்த அடுத்த வருடம் அக்கா போய்ச் சேர்ந்துவிட்டாள். அப்போது அவள் மகளுக்கு இரண்டரை வயது.

மகளுக்கு இப்போது இருபத்தெட்டு. பல் டாக்டர் ஒருவரிடம் உதவியாளராக இருக்கிறாள். அம்மாவின் அதே சந்து. “ஒரு மணி நேர வேலை, அடைச்சி விட்டுர்றேன் வா” என்று டாக்டர் வாரம் தவறாமல் கூப்பிடுகிறார். இவள் தள்ளிப்போட்டுக்கொண்டே வந்தாள். சொந்தக்காரர்கள் எல்லோரும் பிறந்ததிலிருந்து ஒன்றே சொல்லிக்கொண்டிருந்தார்கள்: “அப்படியே உங்கம்மா சிரிப்பு!” அவளுக்கோ அம்மாவின் குரலே தெரியாது. அது நிஜந்தானா என்று ஒரே ஒரு தடவை கேட்டுவிட வேண்டும் என்பதுதான் அவள் ஆசை. உலகத்தில் அந்தச் சிரிப்பு இருந்த ஒரே இடம் வாரியத்தின் காப்பறை. பிலிம் சுருள் கொடுத்து உதவியது வாரியம் என்பதால் பிரதி, மூலம், ஒலிநாடா எல்லாவற்றையும் வாரியத்திடம் ஒப்படைத்துவிட வேண்டும். நகல் வைத்துக்கொள்வது குற்றம். தரச் சான்று வரும்வரை யாரும் பார்க்கக் கூடாது. இதுதான் ஒப்பந்தம். நாங்கள் இளவட்டமாக இருந்தபோது கையெழுத்துப் போட்டோம். அந்தக் கைகளை அப்போதே யாராவது ஒடித்திருக்கலாம்.

விழாவுக்கு ஒரு மாதம் இருந்தது. அவளுக்குப் பொறுக்கவில்லை. மூவரும் வாரியத்துக்குப் போனோம்.

வாசலில் காவலாளி என் பையைத் துழாவி ஒலிப்பதிவுக் கருவியை எடுத்துக்கொண்டார். வாரியத்துக்குள் ஒலிப்பதிவு செய்யத் தடை. “இது ஆவணப்பட வாரியம்தானே?” என்றேன். “அதனாலதான்” என்றார்.

தர ஆய்வாளர் மிக நல்ல மனிதர். எங்களை உட்காரவைத்து, தண்ணீர் கொடுத்து, கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டார். மேஜைமேல் தலையணை பருமனில் குறை நீக்கக் கையேடு.

“உங்க படத்துல நான் மூணு வருஷம் உழைச்சிருக்கேன் சார். மனசைத் தொட்டுச் சொல்றேன், என் சர்வீஸ்ல இவ்ளோ குறை இருந்த படத்தை நான் பாத்ததில்ல. ஆனா விடல. ஒவ்வொண்ணா எடுத்துட்டேன்.”

“எடுத்துட்டீங்கன்னா?” என்றான் இருட்டு.

அவர் அட்டவணையைத் திருப்பி எங்கள் பக்கம் வைத்தார். நாற்பத்திரண்டு நிமிடப் படம். ‘படமின்மை (இருட்டு)’ பத்தொன்பது நிமிடம், நீக்கம். ‘பேச்சின்மை’ பதினொரு நிமிடம், நீக்கம். ‘நபர் கேமராவைப் பார்த்தல்’ ஆறு நிமிடம், நீக்கம். ‘நீராவியால் தெளிவின்மை’ ஐந்து நிமிடம் நாற்பத்தொன்பது விநாடி, நீக்கம்.

மைக் பிடிக்கிறவனுக்குக் கணக்குச் சீக்கிரம் வரும். “பதினோரு செகண்டுதான் மிஞ்சுது” என்றேன்.

“குறையில்லாத பதினோரு செகண்ட்!” என்று அவர் விரலை உயர்த்தினார். “சில படத்துல அதுவும் மிஞ்சாது சார். வெறும் பெட்டிக்குத்தான் சான்று குடுப்போம்.”

இருட்டு மெதுவாகத்தான் பேசினான். “அந்த இருட்டு குறை இல்லீங்க. அவங்களா மூடிக்கிட்டது. ஒவ்வொருத்தர் கையிலயும் மூடியைக் குடுத்திருந்தேன்.”

ஆய்வாளர் முகம் மாறிவிட்டது. கையேட்டை எடுத்துப் பக்கம் பக்கமாகப் புரட்டினார். நிமிர்ந்தபோது குரலில் பரிதாபம் இருந்தது. “அப்ப மூடியைத் தொழில் தெரியாதவங்க கையில குடுத்தது தனிக் குறை சார். நல்லவேளை, நான் அதைக் கவனிக்கல. கவனிச்சிருந்தா பதினொண்ணும் போயிருக்கும்.”

அக்கா மகள் கேட்டாள்: “எடுத்ததையெல்லாம் என்ன பண்ணீங்க?”

“தூக்கிப் போட்டுருவோமா? என்னம்மா இப்படிக் கேக்கறே! வாரியம் ஒரு துண்டைக்கூட வீணாக்காது. எல்லாம் கழிவுக் காப்பறையில இருக்கு.”

அவள் என் கையைப் பிடித்துக்கொண்டாள். எனக்கும் போன உயிர் திரும்பி வந்தது.

கழிவுக் காப்பறைக்குப் போகும் வழியில்தான் பிலிம் காப்பறை இருந்தது. நாலாயிரம் படப்பெட்டிகள் தாழ்வாரத்தில் ஆள் உயரத்துக்கு அடுக்கியிருந்தன. கூரை ஒழுகிய இடத்தில் ஒரு வாளி. அந்த வாளிக்கும் பதிவு எண் எழுதி ஒட்டியிருந்தார்கள். கழிவுக் காப்பறையோ இரும்புக் கதவு, இரட்டைப் பூட்டு, உள்ளே குளிரூட்டி உர்ரென்று ஓடிக்கொண்டிருந்தது. கதவருகே காப்பாளர் கம்பளிச் சட்டை போட்டுக்கொண்டு உட்கார்ந்திருந்தார்.

“கழிவுக்கு மட்டும் ஏசியா?” என்றேன்.

“கழிவு அபாயகரமான பொருள் சார். விதிப்படி குளிர்ச்சியா வெச்சிருக்கணும். படத்துக்கு அப்படி விதி எதுவும் இல்ல.”

கதவிலிருந்த சிறு கண்ணாடி வழியாகப் பார்த்தோம். மூன்றாவது தட்டில் வெள்ளைப் பெட்டி ஒன்று. அதன்மேல் இருட்டின் நிஜப் பெயர், அடியில் ‘வெளுப்பு - கழிவு’. நான்கடி தூரம். அவள் நெற்றியைக் கண்ணாடியில் அழுத்திக்கொண்டு நின்றாள். மூச்சுப் பட்டுக் கண்ணாடி மங்க மங்கத் துடைத்துத் துடைத்துப் பார்த்தாள்.

“இதை வெளிய எடுக்க என்ன செய்யணும்ணே?” என்றாள்.

“ஒரு விண்ணப்பம் எழுதணும்மா. யாரும் எழுதினதில்ல. அழிப்புக் குழு கூடியே பன்னண்டு வருஷம் ஆச்சு. அவங்க கூடாததாலதான் எல்லாம் பத்திரமா இருக்கு.”

அந்த மனிதர் சொன்ன கடைசி வாக்கியத்தை நாங்கள் மூவருமே காதில் வாங்கவில்லை. காதையே தொழிலாக வைத்திருந்தவன் நான். எனக்கு மன்னிப்பே கிடையாது.

விண்ணப்பப் படிவத்தில் ஒரு வரி இருந்தது: ‘மேற்படி பொருள் கழிவுதான் என ஒப்புக்கொள்கிறேன்.’ அதில் கையெழுத்துப் போடாமல் விண்ணப்பம் செல்லாது. இருட்டு பேனாவைப் பிடித்துக்கொண்டு வெகுநேரம் நின்றான்.

“போடுய்யா. பேர்ல என்ன இருக்கு, பொருள் கைக்கு வந்தா போதாதா?” என்று நான்தான் சொன்னேன்.

“எங்கக்காவைக் கழிவுன்னு எழுதச் சொல்ற.”

“மாமா, நான் கேக்கறேன், போடுங்க” என்றாள் அவள். போட்டான்.

பதினெட்டே நாளில் பதில் வந்தது. வாரியத்தின் வரலாற்றில் இப்படி ஒரு வேகம் இருந்ததில்லை என்று பிறகு ஆய்வாளரே பெருமையாகச் சொன்னார். கடிதம் இப்படி இருந்தது:

‘தங்கள் விண்ணப்பம் நன்றியுடன் ஏற்கப்பட்டது. தங்கள் விண்ணப்பத்தின் மூலமே மேற்படி பொருள் இன்னும் அழிக்கப்படாமல் இருப்பது வாரியத்தின் கவனத்துக்கு வந்தது. உடனடியாக அழிப்புக் குழு கூட்டப்பட்டது. பொருள் கழிவுதான் எனப் படைப்பாளரே எழுத்துமூலம் உறுதி செய்திருப்பதால் மேல்விசாரணை தேவைப்படவில்லை. பிலிம், மூலம், ஒலிநாடா ஆகியவை விதிப்படி எரிக்கப்பட்டன. இக்குறையைச் சுட்டிக்காட்டிய தங்கள் பொறுப்புணர்வை வாரியம் பாராட்டுகிறது.’

கிணறு வெட்டப் பூதம் கிளம்பும் என்பார்கள். இங்கே நாங்களே பூதத்துக்கு மண்வெட்டி எடுத்துக் கொடுத்திருந்தோம். வாரியத்துக்கு ஓடினோம். ஆய்வாளர் எழுந்து நின்று இருட்டுக்குக் கை கொடுத்தார். இருட்டு கையை நீட்டவில்லை.

“எரிச்சிட்டீங்களா? நிஜமாவே எரிச்சிட்டீங்களா?” என்று மட்டும் திரும்பத் திரும்பக் கேட்டான்.

“மூணு அதிகாரிங்க முன்னிலையில சார். போட்டோகூட எடுத்திருக்கோம், நல்ல தெளிவா வந்திருக்கு. சாம்பல் வேணும்னா தனிப் படிவம் இருக்கு. ஆனா சாம்பலுக்கும் தரச் சான்று வாங்கணும், அது கொஞ்சம் நாளாகும்.”

நான் கெட்ட வார்த்தை சொல்லிவிட்டேன். நல்ல கெட்ட வார்த்தை. அவர் வருத்தப்பட்டாரே தவிரக் கோபப்படவில்லை. அந்த மாதிரி ஆட்களிடம் அதுதான் பிரச்சினை; அவர்களுக்குக் கோபமே வராது.

திரும்பி வரும்போது பஸ்ஸில் இருட்டு ஜன்னல் பக்கமே பார்த்துக்கொண்டிருந்தான். அவள் என் பக்கத்தில் உட்கார்ந்திருந்தாள்.

“மைக் மாமா, அம்மா என்னதான் சொன்னாங்க அதுல?”

எனக்கு ஒரு வார்த்தை விடாமல் ஞாபகம் இருந்தது. சொன்னேன். ஆஸ்பத்திரிக்கு ஒரு பெரிய அதிகாரி சோதனைக்கு வந்தாராம். அவர் வருகிறார் என்று தெரிந்து, யாரும் பிரிக்காத புதுப் போர்வைகளை முன்னால் அடுக்கி வைத்துவிட்டார்கள். அதிகாரி தடவிப் பார்த்துவிட்டு, ‘ஆகா, ஒரு கறை இல்லையே! இதெல்லாம் எந்த நோயாளி படுத்தது?’ என்று கேட்டாராம். அக்கா வாய் தவறி, ‘ஒருத்தரையும் படுக்க விடலீங்க ஐயா, அதான் இவ்ளோ சுத்தம்’ என்று சொல்லிவிட்டாளாம். அதிகாரி அதையும் பாராட்டாக எடுத்துக்கொண்டு, ‘இதையே எல்லா வார்டுலயும் கடைப்பிடிங்க’ என்று குறிப்பேட்டில் எழுதிக் கையெழுத்துப் போட்டுவிட்டுப் போனாராம்.

“ம்” என்றாள். சிரிக்கவில்லை. “இதுக்கா அம்மா அப்படிச் சிரிச்சாங்க?” என்றாள். வார்த்தையெல்லாம் என்னிடம் இருந்தது. சிரிப்பை நான் எங்கே போய் எடுப்பேன்? ஒருதரம் அக்கா மாதிரி சிரித்துக் காட்ட முயன்றேன். பஸ்ஸில் இரண்டு பேர் திரும்பிப் பார்த்தார்கள்.

விழாவுக்குப் போக மாட்டேன் என்று இருட்டு ஒரேயடியாகச் சொல்லிவிட்டான். அவள்தான் விடவில்லை. “பதினோரு செகண்டாவது பாக்கறேன் மாமா. அம்மா நடமாடி நான் பாத்ததே இல்லையே.” அதற்குமேல் அவனால் என்ன பேச முடியும்?

அரங்கு நிறைந்திருந்தது. வந்தவர்களில் முக்கால்வாசி வாரிய ஊழியர்கள். வருகைப் பதிவேட்டில் கையெழுத்து வாங்கி உள்ளே அனுப்பியிருந்தார்கள். என் கருவி வழக்கம்போல வாசலில் போய்விட்டது. வாரியத்தின் கேமரா ஒன்று விழாவைப் பதிவு செய்துகொண்டிருந்தது. இருட்டை மேடையில் உட்காரவைத்தார்கள். நானும் அவளும் முதல் வரிசையில் இருந்தோம்.

விளக்கு அணைந்தது. முதலில் வாரியத்தின் முத்திரை, பிறகு தலைவர் பெயர், துணைத் தலைவர் பெயர், குறை நீக்கியவர்கள் பதினாலு பேரின் பெயர் என்று நாலு நிமிடம் ஓடியது. அப்புறம் படம். நீராவி விலகிய ஒரு நொடியில் அக்கா வந்து முக்காலியில் உட்காருகிறாள். ஈரக் கையை இடுப்புத் துணியில் துடைக்கிறாள். மடியிலிருந்து மூடியை எடுத்து, குனிந்து அதையே பார்க்கிறாள். “அது வந்து...” என்கிறாள். உதட்டோரம் லேசாகப் பிரிகிறது. முடிந்தது. விளக்கு போட்டுவிட்டார்கள்.

“அவ்ளோதானா?” என்றாள் பக்கத்தில். கன்னம் முழுக்க நனைந்திருந்தது. எனக்கும்தான்.

கைதட்டல் ஓய்ந்ததும் தலைவர் மைக்கைப் பிடித்தார். கஞ்சி போட்டு விறைத்த வெள்ளைச் சட்டை.

“நண்பர்களே! இவருடைய கலைன்னா என்ன? இருட்டு! ஊரே அப்படித்தான் கூப்பிடுது. அந்த இருட்டை ஒரு பொட்டுகூட மிச்சம் வைக்காம நீக்கி, இவர் கலையை இன்னைக்கி வாரியம் காப்பாத்தியிருக்கு!”

கைதட்டல். மேடையில் இருட்டு தன் செருப்பைப் பார்த்துக்கொண்டிருந்தான்.

“சிலர் நம்மைக் குறை சொல்றாங்க. நாலாயிரம் படத்தைப் பூட்டி வெச்சிருக்கீங்களே, யாருக்கும் காட்டலியேன்னு. நான் கேக்கறேன், ஒரு படத்துக்கு முதல் எதிரி யாரு? பாக்கறவன்! பாக்கப் பாக்கத் தேயும், கீறல் விழும். நம்மகிட்ட இருக்கற நாலாயிரத்துல ஒண்ணுலயாவது ஒரு கீறல் உண்டா? கிடையாது! ஏன்?” என்று நிறுத்தி, அரங்கை ஒரு சுற்றுப் பார்த்துவிட்டுச் சொன்னார்: “ஒருத்தரையும் பாக்க விடல. அதான் இவ்ளோ சுத்தம்!”

பக்கத்தில் ஏதோ வெடித்தது.

அவள்தான். முதலில் அடக்கப் பார்த்தாள். கை வாய்க்குப் போனது. கைக்கு அடங்கவில்லை. உடம்பெல்லாம் குலுங்க, முன்பல் சந்து தெரிய, கண்ணில் தண்ணீர் காயாமலே சிரித்தாள். ஆரம்பத்தில் மூச்சு இழுக்கிற மாதிரி ஒரு சின்ன விசில், பிறகு மடமடவென்று இறங்கி, நடுவில் தடுக்கி, மறுபடி மேலே ஏறுகிற சிரிப்பு. இருபத்தாறு வருடம் முன்னால் ஹெட்போனில் கேட்டது அதுதான். அந்தத் தடுக்கல் உட்பட அதேதான். என் வலது கை தானாக மடியில் ஒலி அளவுப் பொத்தானைத் தேடித் திருகிக்கொண்டிருந்தது. மடியில் ஒன்றுமில்லை.

மேடையில் இருட்டு கண்ணை இறுக மூடிக்கொண்டிருந்தான்.

அரங்கு திகைத்துப்போய் உட்கார்ந்திருந்தது. தலைவர், தன் பேச்சு மனதைத் தொட்டுவிட்டது என்று எடுத்துக்கொண்டு, பெருந்தன்மையாகக் காத்திருந்தார். சிரித்து முடித்து மூச்சு வாங்கியதும் அவள் மேடையைப் பார்த்து, சத்தமாகவே கேட்டாள்.

“மாமா, இதானா?”

இருட்டு கண்ணைத் திறக்காமலே தலையாட்டினான். “இதான்மா. இதேதான்.”

அவள் பிறகு டாக்டரிடம் போய், சந்து அப்படியே இருக்கட்டும் என்று சொல்லிவிட்டாளாம்.

வாசலில் கருவியைத் திரும்ப வாங்கும்போது எனக்கு ஆற்றாமை தாங்கவில்லை. இத்தனை வருடம் எவனெவன் இருமலையோ பதிவு செய்தேன், இதைக் கோட்டைவிட்டேன். இருட்டு என் தோளைத் தட்டினான். “அவங்க கேமரா ஓடிச்சுல்ல? அதுல விழுந்திருக்கும்யா.” முப்பது வருடத்தில் அவன் வாரியத்தை நம்பிப் பேசி நான் கேட்டது அன்றுதான்.

இரண்டு மாதம் கழித்து விழாப் பதிவு குறுந்தகடாக வந்து சேர்ந்தது. இருட்டின் வீட்டில் மூவரும் உட்கார்ந்து போட்டோம். தலைவர் வந்தார். இருட்டை நீக்கினார். நாலாயிரம் படத்துக்கு வந்தார். ‘அதான் இவ்ளோ சுத்தம்!’ என்றார். படம் ஒரு வெட்டு வெட்டிக் குதித்தது. உடனே கைதட்டல், அன்றைக்கு யாரும் தட்டாத கைதட்டல். தலைவர் தலை வணங்கினார்.

உறைக்குள் ஒரு சான்று இருந்தது. ‘குறையற்ற பிரதி. நீக்கப்பட்ட குறை: பார்வையாளர் இரைச்சல், நாற்பத்தொரு விநாடி. நீக்கப்பட்ட பகுதி கழிவுக் காப்பறையில் பத்திரமாக உள்ளது.’

நான் மேஜையில் கிடந்த பேனாவை எடுத்தேன்.

“விண்ணப்பம் எழுதட்டுமா?” என்றேன்.

இருட்டு என் கையிலிருந்து பேனாவைப் பிடுங்கி மூடியைப் போட்டான்.

“மூச்சுக் காட்டாதய்யா. அங்க இருக்குன்னு அவனுங்களுக்கு ஞாபகம் வந்துடப்போகுது.”